ஜிகென்: வீட்டுச் சண்டைக்கு இட்ட பெயர்

2012 அக்டோபரில் ஜப்பானின் ஃபூஜி தொலைக்காட்சியில் ‘டெரஸ் ஹவுஸ்’ தொடங்கியது. ஒருவரையொருவர் அறியாத மூன்று ஆண்கள், மூன்று பெண்கள். தங்குவதற்கு அழகிய வீடு. ஓட்டிச் செல்லக் கார். தயாரிப்பாளர்கள் தருவது இவ்வளவே, எழுதிவைத்த கதைவசனம் எதுவும் இல்லை என்று நிகழ்ச்சியின் தொடக்கத்தில் அறிவிக்கப்படும். பரிசுத்தொகை இல்லை, வாக்களித்து எவரையும் வெளியேற்றுவதும் இல்லை. குடியிருப்போர் தத்தம் வேலைக்குச் சென்று மாலையில் திரும்பிச் சமைத்து உண்பர். விரும்பியபோது விலகலாம், அவ்விலகலைப் பள்ளிப் படிப்பு முடித்து வெளியேறுவதைக் குறிக்கும் சொல்லாலேயே வழங்குவர். 2015 முதல் நெட்ஃபிளிக்ஸ் வழியாக உலகெங்கும் சென்ற இத்தொடர், தோக்கியோ, ஹவாய், கருயிசாவா என்று வீடு மாற்றிக்கொண்டே வந்தது.

மொழியியல் பயில்வோருக்கு இத்தொடரின் முதல் சில நிமிடங்களே ஒரு பாடம். புதியவர்கள் சந்தித்ததும் பெயர் சொல்வர். விரைவில் வயதைக் கேட்பர். எந்த நிலையில் பேசுவது என்பதை வயது பெரிதும் தீர்மானிக்கிறது. ஜப்பானியத்தில் மரியாதை, முன்னிலைப் பெயரில் மட்டும் நிற்பதில்லை. வினையின் ஈற்றிலேயே அமர்ந்திருக்கிறது. மழை பெய்கிறது என்று சொன்னாலும், கேட்பவர் யார் என்பதைக் கருதியே வினைமுடிவைத் தேர்ந்தாக வேண்டும். கொங்குப் பேச்சின் ‘மழை பெய்யுதுங்க’ என்பதில் வரும் ‘ங்க’ செய்யும் வேலையை இதனோடு ஒப்பிடலாம்: மரியாதை மழைக்கு அன்று, கேட்பவருக்கு. வயது ஒத்திருந்தால் எவரேனும் ஒருவர் ‘தமெகுச்சி’யில், அதாவது சமநிலைப் பேச்சில், பேசலாமே என்பார். ‘சான்’ ஒட்டிய பெயர் ‘குன்’ ஆகும், பின் ஒட்டின்றியும் நிற்கும். வாரக்கணக்கில் இயல்பாகப் பேசிப் பழகியவரும் காதலை வெளிப்படுத்தும் கணத்தில் மரியாதை வடிவுக்குத் திரும்பிவிடுவதுண்டு. உறவின் தூரம் ஒவ்வொரு வாக்கியத்திலும் அளக்கப்படுகிறது.

இத்தொடரோடு பிணைந்த இன்னொரு சொல் ‘ஜிகென்’. நிகழ்வு, வழக்கு, குற்றச்செயல் ஆகிய எல்லாவற்றுக்கும் அச்சொல் வழங்குகிறது. செய்தித்தாள் தமிழில் ‘சம்பவம்’ ஏற்கும் நிறம் அதற்கும் உண்டு. தோக்கியோ வீடொன்றில், முடிதிருத்தும் கலைஞர் ஒருவருக்கு வாடிக்கையாளர் அன்பளித்த விலையுயர்ந்த மாட்டிறைச்சியை, அவர் இல்லாத வேளையில் மற்றவர்கள் சமைத்து உண்டுவிட்டனர். அவர் சினந்தார், உறவுகள் கசந்தன. அது ‘இறைச்சி ஜிகென்’ எனப் பெயர்பெற்றது. குளிர்பெட்டிச் சண்டைக்குக் காவல்நிலையச் சொல்லைச் சூட்டும் நகைச்சுவை அது. அன்று எவருக்கும் அதில் தீங்கு தென்படவில்லை.

அந்த நகைச்சுவைக்கு ஓர் அரங்கமும் இருந்தது. ஒவ்வொரு பகுதியின் இடையிலும், வேறோர் அறையில் அமர்ந்திருக்கும் நகைச்சுவைக் கலைஞர்களும் நடிகர்களும் அடங்கிய குழு, வீட்டார் நடத்தையை அலசும். யார் தந்திரசாலி, யார் கோழை என்றெல்லாம் பேச்சு போகும். எப்படிப் பார்ப்பது என்பதைப் பார்வையாளர் அவர்களிடமிருந்தே கற்றனர். வீட்டாரும், இன்னும் அங்கு வாழ்ந்துகொண்டிருக்கும்போதே, தங்களைப் பற்றிய பகுதிகள் ஒளிபரப்பாவதைப் பார்ப்பர். தீர்ப்பைக் கேட்டுவிட்டு மறுநாளும் அதே கேமராவின் முன் எழ வேண்டும்.

2019இல் தொடங்கிய தோக்கியோ பருவத்தில் ஹானா கிமுரா வந்து சேர்ந்தார். ‘ஸ்டார்டம்’ அமைப்பின் தொழில்முறை மல்யுத்த வீராங்கனை. தாய் கியோகோ கிமுராவும் மல்யுத்த வீராங்கனையே. துவைக்கும் இயந்திரத்தில் ஹானா மறந்துவிட்டிருந்த போட்டி ஆடையை, உடன்வாழ்ந்த இளைஞர் ஒருவர் தம் துணிகளோடு சேர்த்து உலர்த்திவிட, அது சுருங்கிப் பயனற்றுப்போனது. ஹானா அவரைக் கடிந்துகொண்டு, தலையிலிருந்த தொப்பியைத் தட்டிவிட்டார். 2020 மார்ச் இறுதியில் நெட்ஃபிளிக்ஸில் வெளியான இப்பகுதிக்கும் பெயர் உடனே கிடைத்தது: ‘ஆடை ஜிகென்’. வசைகள் குவிந்தன. மே மாதம் அதே பகுதி தொலைக்காட்சியிலும் ஒளிபரப்பானது. மே 23 அன்று ஹானா தம் உயிரை மாய்த்துக்கொண்டார். வயது 22. சில நாட்களில் தொடர் கைவிடப்பட்டது.

சினத்தைக் காட்டுமாறு தயாரிப்புத் தரப்பு தூண்டியது என்று தாய் குற்றஞ்சாட்டினார். வற்புறுத்தல் இல்லை என்றது தொலைக்காட்சி நிறுவனம். ஒளிபரப்பு நெறிமுறை அமைப்பு 2021 மார்ச்சில், மனித உரிமை மீறல் இல்லை, ஆனால் நெறிமுறைச் சிக்கல் உண்டு என்று முடிவுரைத்தது. வசை எழுதியோருள் இருவருக்கு அவமதிப்புக் குற்றத்தின்கீழ்த் தலா 9,000 யென் தண்டம் விதிக்கப்பட்டது. தொகை அற்பமானது; ஆயினும் 10,000 யென்னை எட்டாத தண்டம் அல்லது 30 நாட்களுக்குக் குறைந்த காவல் என்பதே அன்றைய சட்டத்தின் எல்லை. மகளை இழந்த தாய் சட்டத் திருத்தத்துக்காக இடைவிடாது குரல் கொடுத்தார். 2022 ஜூலையில் நடைமுறைக்கு வந்த திருத்தம், ஓராண்டு வரையிலான சிறையையும் 3,00,000 யென் வரையிலான அபராதத்தையும் சேர்த்தது. விமர்சிப்போரின் வாயை அடைக்க அது பயன்படக்கூடும் என்ற எதிர்ப்பும் அப்போதே எழுந்தது.

சட்டம் தண்டனையின் அளவைத் திருத்தியது. அது தொடாத கேள்வி, ‘கதைவசனம் இல்லை’ என்ற அறிவிப்பைப் பற்றியது. மல்யுத்த மேடையில் ஹானா உறுமினால் அது ஆட்டத்தின் பகுதி என்பதை அரங்கம் அறியும்; சினம் அங்கே ஒரு வேடம், கூச்சலிடும் இரசிகருக்கும் அது தெரியும். வீட்டுக்குள் அந்தப் பாதுகாப்பு இல்லை. கதைவசனம் இல்லையென்றால், காண்பதெல்லாம் அம்மனிதரின் இயல்பு என்றே கொள்ளப்படுகிறது. எத்தனையோ மணிநேரப் படப்பிடிப்பிலிருந்து சில நிமிடங்களைத் தேர்ந்து கோத்து, இசை சேர்த்து, குழுவின் நகைப்பையும் சேர்த்துத் தரும் தொகுப்பும் ஒரு வகை எழுத்தே. அதற்கு மட்டும் ஆசிரியர் பெயர் இல்லை. பாத்திரத்தின்மீது விழவேண்டிய வசை மனிதர்மீது விழுந்தது.

மரியாதை ஈறுகள் நல்லியல்பின் அடையாளம் என்று எண்ணப்படுவதுண்டு. அவை முதன்மையாகக் கூடிவாழ்தலின் கருவிகள்: சண்டையிட்டவரோடும் மறுநாள் காலை ஒரே மேசையில் உணவுண்ண வேண்டியிருப்பதால் பிறந்தவை. வீட்டிலிருந்த ஆறு பேரும் முதல் நாளே ஒருவரையொருவர் வயது கேட்டு, எப்படிப் பேசுவது என்று முடிவு செய்துகொண்டனர். திரைக்கு வெளியிலிருந்து ஹானாவுக்கு எழுதியவர்களுள் எவருக்கும் அந்தத் தேவை ஏற்படவில்லை.