காடைக்கு ஒரு மாவுப் பெட்டி

‘காஃபின்’ என்ற ஆங்கிலச் சொல்லைக் கேட்டால் நமக்கு நினைவுக்கு வருவது சவப்பெட்டிதான். ஆனால், 600 வருடங்களுக்கு முன்னால் இங்கிலாந்துச் சமையல்காரர்கள் அதை அடுப்படியில் சாதாரணமாகப் புழங்கினார்கள். கறியை உள்ளே வைத்துச் சுடுவதற்காக மாவில் செய்யும் பெட்டிக்கு அதுதான் பெயர். கூடை என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. கூடை, பெட்டி என்ற அர்த்தமெல்லாம் காலப்போக்கில் உதிர்ந்து, கடைசியில் சவப்பெட்டி மட்டும் மிஞ்சிவிட்டது.

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அப்படி இரண்டு பெட்டிகள் செய்து, ஆளுக்கொரு காடையை உள்ளே வைத்துச் சுட்டேன். அதற்குக் காரணம் ஒரு நோட்டும் ஒரு புத்தகமும்.

முதலில் நோட்டு. நாங்கள் இங்கிலாந்துக்கு வந்து 27 வருடங்கள் ஆகின்றன. பிள்ளைகள் ஆளுக்கொரு ஊரில் இருக்கிறார்கள். போன வருடம் என் கணவருக்கு இதயத்தில் ஸ்டென்ட் வைத்தார்கள். நன்றாகத் தேறிவிட்டார். வீட்டுக்கு வந்த இரண்டாவது வாரம், நீல அட்டை போட்ட நோட்டு ஒன்றை எடுத்து எழுத ஆரம்பித்தார். பாய்லர் நின்றுபோனால் எந்தப் பொத்தானை அழுத்த வேண்டும், தண்ணீர்க் குழாயின் மெயின் வால்வு எங்கே இருக்கிறது, கார் இன்ஷூரன்ஸ் எந்த மாதம், எந்தக் கிழமையில் எந்தக் குப்பைத்தொட்டியை வெளியே வைக்க வேண்டும்... பக்கம் பக்கமாகப் போனது.

“ஏம்மா, இதைக் கொஞ்சம் படிச்சுப் பாரேன்” என்பார்.

“அடுப்புல வேலை இருக்குங்க” என்று எழுந்துவிடுவேன்.

அந்த நோட்டு எதற்கு என்று அவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. இரண்டு பேருக்கும் தெரியும்.

அடுத்தது புத்தகம். எங்கள் ஊர் நூலகத்தின் சமையல் அலமாரியில் கிடைத்தது. 1393 வாக்கில் பிரெஞ்சு மொழியில் எழுதப்பட்ட ‘லெ மெனாஜியே து பாரி’. ‘பாரிஸ் குடும்பஸ்தர்’ என்று வைத்துக்கொள்ளலாம். வரலாற்றாசிரியர் எய்லீன் பவர் அதை 1928-ல் ஆங்கிலத்தில் கொண்டுவந்தார். எழுதியவர் பாரிஸைச் சேர்ந்த வசதியான பெரியவர். தன் பெயரைச் சொல்லவில்லை. கல்யாணமானபோது மனைவிக்கு வயது 15 என்று மட்டும் சொல்கிறார். படிக்கும்போதே நமக்கு மனசு சுருக்கென்கிறது. தான் தப்பு செய்தால் நாலு பேர் முன்னால் சொல்ல வேண்டாம், இரவில் தனியாக இருக்கும்போது சொல்லித் திருத்துங்கள் என்று அந்தப் பெண் கேட்டுக்கொண்டாளாம். அதற்காகத்தான் இந்தப் புத்தகம் என்கிறார் அவர்.

என்ன இல்லை அதில்! துணியில் பட்ட கறையை எடுப்பது, படுக்கையில் தெள்ளுப்பூச்சியை ஒழிப்பது, தோட்டத்தில் எதை எந்த மாதம் நடுவது, வேலையாட்களை எப்படிப் பார்த்து அமர்த்துவது, குதிரை வாங்கும்போது எதைக் கவனிப்பது, விருந்துக்கு என்னென்ன பரிமாறுவது என்று வீட்டு விஷயம் மொத்தமும் இருக்கிறது. சமையல் குறிப்புகள் மட்டுமே நூற்றுக்கணக்கில். நடுவில் அவர் சொல்லும் ஒரு விஷயம்தான் என்னை நிறுத்தியது. தனக்குப் பிறகு அவள் இன்னொருவரை மணந்துகொள்ளக்கூடும். அந்த வீட்டையும் அவள் திறமையாக நடத்தினால் அது தனக்கும் பெருமைதான் என்கிறார். தான் இல்லாத வீட்டை மனதில் வைத்துக்கொண்டு கோழிக்கு எவ்வளவு மசாலா என்று ஒருவர் எழுதியிருக்கிறார்.

அன்றைக்கு அதற்கு மேல் படிக்க முடியவில்லை. நீல நோட்டு டைனிங் டேபிளில்தான் இருந்தது.

மறுநாள் தைரியம் வந்து, அவர் சொன்னதில் ஒன்றைச் சமைத்துப் பார்ப்போம் என்று தோன்றியது. கோழிக்கு அவர் இரண்டு முறை சொல்கிறார். மாவுப் பெட்டிக்குள் நெஞ்சுப் பக்கம் மேலே இருக்கும்படி கோழியை மல்லாக்க வைத்து, பன்றிக் கொழுப்புத் துண்டுகளால் போர்த்தி மூடிச் சுடுவது ஒன்று. முட்டையை அடித்து, புளிப்புச் சாறும் மசாலாப் பொடியும் கலந்து, அதில் கோழியை முக்கியெடுத்துப் பெட்டிக்குள் வைப்பது இன்னொன்று. இது இத்தாலியின் லொம்பார்டி பக்கத்து முறை. அந்தக் காலத்தில் காடை, புறா, வானம்பாடி என்று சிறு பறவைகளையும் இப்படித்தான் மாவில் பொதிந்து சுட்டார்கள். எங்கள் இரண்டு பேருக்குக் காடை போதும். பண்ணைக் காடை இங்கே ஹலால் கறிக்கடைகளில் கிடைக்கிறது.

மசாலாவைப் பார்த்தால் அந்நியமாகவே இல்லை. சுக்கு, பட்டை, கிராம்பு, கொஞ்சம் சர்க்கரை. நம் பக்கத்து மிளகும் சுக்கும், இலங்கைப் பட்டையும் கப்பலேறி, அலெக்ஸாண்ட்ரியா, வெனிஸ் வழியாக அவர் வீட்டு உரலுக்குப் போய்ச் சேர்ந்த காலம் அது. மிளகாயும் தக்காளியும்தான் கிடையாது. அவை அமெரிக்காவிலிருந்து வர இன்னும் நூறு வருடம் இருந்தது. புளிப்புக்குப் பழுக்காத திராட்சையின் சாற்றை ஊற்றினார்கள். நான் எலுமிச்சை பிழிந்தேன்.

இரண்டு காடைக்கு ஒரு முட்டை, அரை மூடி எலுமிச்சைச் சாறு, சுக்குப்பொடி அரை டீஸ்பூன், பட்டைப்பொடி கால் டீஸ்பூன், நுணுக்கிய கிராம்பு இரண்டு, மிளகு, உப்பு, சிட்டிகை சர்க்கரை. பன்றிக் கொழுப்புக்குப் பதிலாக மெல்லிய வெண்ணெய்ச் சீவல் ஒன்று. மேல்மாவுக்கு 300 கிராம் மைதா, 100 கிராம் வெண்ணெய், 120 மில்லி தண்ணீர், உப்பு. வெண்ணெயைத் தண்ணீரில் போட்டுக் கொதிக்கவைத்து மாவில் ஊற்றி, கொழுக்கட்டைக்குப் பிசைவதுபோல் சூட்டோடு பிசைந்தேன். ஆறினால் விரியும், சூட்டில் சொன்னபடி கேட்கும். கிண்ணம்போல் சொப்பு செய்து, காடையை மல்லாக்கப் படுக்கவைத்து, மூடி போட்டு, சோமாசிக்கு மடிப்பதுபோல் ஓரத்தை முறுக்கினேன். ஆவி போக நடுவில் ஒரு துளை. ஓவனில் 200 டிகிரியில் 20 நிமிடம், பிறகு 180-ல் 35 நிமிடம். இங்கே பறவைக் கறியின் நடுப்பகுதி 75 டிகிரியைத் தொட வேண்டும் என்பார்கள். தெர்மாமீட்டரைத் துளை வழியாக விட்டுப் பார்த்துவிட்டுத்தான் எடுத்தேன்.

அந்தக் கால அடுப்பில் இந்த வசதியெல்லாம் ஏது? அடுப்புக்குள்ளேயே விறகை எரித்து, தணலை வாரி வெளியே தள்ளிவிட்டு, சுவரில் மிஞ்சிய சூட்டில் சுட்டார்கள். தட்டித் தடித்த மாவுப் பெட்டிதான் பாத்திரம். சாறு வெளியே போகாது, கறி காயாது. நம் ஊரில் மீனை வாழையிலையில் பொதிந்து சுடுகிறோமே, அதே யோசனைதான்.

மூடியைக் கத்தியால் சுற்றி அறுத்துத் தூக்கினேன். பட்டையும் கிராம்புமாக ஆவி வந்தது.

“என்னம்மா இது, காடைக்கு நகைப்பெட்டியா?” என்றார் இவர்.

காடை பஞ்சுபோல் வெந்திருந்தது. லேசான இனிப்பு, பின்னாலேயே புளிப்பு. டாக்டர் சொல்லை மதித்து இவர் மாவைத் தொடவில்லை. சாறு ஊறிய அடிப்பாகத்தை நான் பிய்த்துத் தின்றேன். சாப்பிட்டுக்கொண்டே பாரிஸ் பெரியவரைப் பற்றிச் சொன்னேன். எதற்காக எழுதினார் என்பதையும் சொன்னேன். இவர் தட்டைப் பார்த்துக்கொண்டே கொஞ்ச நேரம் பேசவில்லை.

“அந்தப் பொண்ணு அதைப் படிச்சிருப்பாளா?”

“பத்திரமா வெச்சிருந்திருப்பா. இல்லேன்னா 600 வருஷம் கழிச்சு என் கைக்கு எப்படி வரும்?”

கை கழுவிவிட்டு வந்து, “நோட்டைக் குடுங்க” என்றேன். பாய்லரிலிருந்து ஆரம்பித்துக் குப்பைத்தொட்டி வரை ஒரு வரி விடாமல் படித்தேன். இரண்டு சந்தேகம் கேட்டேன். வால்வைக் காட்டுவதற்காக சிங்க்குக்கு அடியில் குனியவைத்தார். அப்புறம் நோட்டைத் திருப்பி, கடைசிப் பக்கத்திலிருந்து நான் எழுத ஆரம்பித்தேன். யார் முந்தி, யார் பிந்தி என்று யாருக்குத் தெரியும்? இவருக்கு வெந்நீரைத் தவிர வேறெதுவும் வைக்கத் தெரியாது.

முதல் குறிப்பு ரசம். ‘புளி நெல்லிக்காய் அளவு’ என்று எழுதியதைத் தோளுக்குப் பின்னால் நின்று படித்தார்.

“எந்த நெல்லிக்காய்? பெரிய நெல்லியா, அரைநெல்லியா?”

சமையலறைத் தராசை எடுத்து வந்து, புளியை உருட்டி வைத்து நிறுத்தோம். 15 கிராம். அதை அவரே தன் கையெழுத்தில் அடைப்புக்குறிக்குள் எழுதிக்கொண்டார்.