புல்லும் நிழலும்

உங்கள் வீட்டு வாசலில் புல் தரை இருக்கிறதா? இருந்தால் நீங்கள் பாக்கியசாலி. எங்கள் நெல்லிக்குப்பம் கரும்புக்குப் பேர் போன ஊர். 1842-லேயே பாரி கம்பெனி இங்கே சர்க்கரை ஆலை வைத்தது. கரும்பு செழிக்கும் மண்ணில் புல்லா முளைக்காது என்று நானும் எண்ணினேன்.

வாசலை அடைத்துக்கொண்டு ஒரு மாமரம் நின்றது. என் தாயார் கொட்டை போட்டு வளர்த்த மரம். பெங்களூரிலிருந்து உயர்ந்த ரகப் புல் விதையென்று ஒரு பொட்டலம் வாங்கி வந்து அதன் கீழே தூவினேன். முளைத்தது; வெளுத்தது; போயே போய்விட்டது. குளிர் தேசத்துப் புல் நம் சித்திரை வெயிலைத் தாங்காது. நம் ஊர் அருகோ நிழலைத் தாங்காது. "மரத்தை வெட்டிவிடலாமா?" என்று கேட்டேன். "நிழலை வெட்டிட்டுப் பச்சையைத் தேடுறியேடா!" என்றாள் அம்மா. அத்துடன் பேச்சு முடிந்தது.

அம்மா காலமான பிறகும் மரத்தில் கை வைக்க மனம் வரவில்லை. 2011 டிசம்பர் 30-ஆம் தேதி காலையில் தானே புயல் வந்தது. கடலூர்ச் சீமையில் பலாவும் முந்திரியும் தோப்புத் தோப்பாக விழுந்த அன்று, எங்கள் மாமரமும் வேரோடு சாய்ந்தது. வாசலில் வெயில் அடித்தது. நான் கேட்ட வெயில்தான், பார்க்கத்தான் சகிக்கவில்லை.

சில மாதம் கழித்து, கரும்புக் கொல்லையில் களை எடுத்துக்கொண்டிருந்த ஒரு அம்மாளிடம் அருகம்புல் கேட்டேன். "இதைப் புடுங்கி எறியத்தான் எங்களுக்குக் கூலி. நீங்க நடப் போறீங்களா, ஐயா?" என்று சிரித்தாள். சிரித்தாலும் வழி சொன்னாள். விதையே வேண்டாம், கரும்புக் கரணை போடுவதுபோலத் தண்டைக் கணுவோடு நறுக்க வேண்டியதுதான். இரண்டும் ஒரே புல் குடும்பமல்லவா! இறுகின தரையைக் கொத்தி, மணலும் மக்கிய சாணமும் கலந்து, நான்கு விரல் இடைவெளியில் கணு மண்ணுக்குள் போகும்படி ஊன்றினேன். வேர் பிடிக்கும்வரை காலை மாலை தண்ணீர். இரண்டு மூன்று மாதத்தில் வாசல் பச்சென்று ஆயிற்று. ஒன்று மட்டும் ஞாபகம் இருக்கட்டும்: புல்லை ஒட்ட வெட்டாதீர்கள். மூன்றில் ஒரு பங்குக்கு மேல் எடுத்தால் இளைத்துவிடும்.

அதே வருஷம் மேற்கு மூலையில் ஒரு மாங்கொட்டையும் ஊன்றிவைத்தேன். இன்று அது மரமாகிவிட்டது. அதன் கீழே புல் மெலிந்து, சொட்டை விழுகிறது. "கிளையைக் கழித்துவிட்டு மறுபடியும் புல் நட்டால் என்ன?" என்கிறாள் என் மனைவி.

நான் பதில் சொல்லவில்லை. ஆகவே உங்களுக்கும் என் யோசனை இதுதான்: வெயில் விழுகிற இடத்தில் அருகை நடுங்கள். நிழல் விழுகிற இடத்தில் ஒரு நாற்காலியைப் போட்டு உட்காருங்கள். நான் உட்கார்ந்துவிட்டேன்.