கண்ணில்லாத வேட்டைக்காரி

ஹவாய்த் தீவுகள் என்றதும் உங்கள் மனத்தில் என்ன தோன்றுகிறது? பூமாலை, கடற்கரை, பலகை மேல் நின்று அலைச் சவாரி செய்யும் வாலிபர்கள், இவைதானே? அவற்றையெல்லாம் பார்த்து முடித்த பிறகு கவாயித் தீவின் தென் கரைக்குக் கொஞ்சம் வாருங்கள். அங்கே கொலோவா என்று ஓர் ஊர். 1835-ல் தொடங்கிய கரும்புத் தோட்டத்தால் பெயர் பெற்றது. நாம் பார்க்க வந்ததோ ஊரை அல்ல. ஊருக்கு அடியில் இருப்பதை!

எரிமலைக் குழம்பு ஓடும்போது மேற்புறம் ஆறிக் கெட்டியாகிவிடும். உள்ளே இருப்பது தொடர்ந்து ஓடி வடிந்துவிடும். மிஞ்சுவது சுரங்கம் போன்ற குகை. உள்ளே ஒரே கும்மிருட்டு. காற்றில் ஈரம் ததும்பும். கூரையைத் துளைத்துக்கொண்டு மரங்களின் வேர்கள் தொங்கும். நம் கதாநாயகியின் வாசஸ்தலம் இதுதான்.

ஓநாய்ச் சிலந்தியை நீங்களும் பார்த்திருப்பீர்கள். நம் ஊர் நெல் வயல்களிலும் உண்டு. வலை பின்னிக் காத்திராமல், ஓடிப் பிடித்துத் தின்னும் ஜாதி. அதற்கு எட்டுக் கண்கள். இரவில் டார்ச் அடித்தால் புல்லுக்குள் பளிச்சென்று மின்னும். பார்வைக்குப் பேர்போன அந்தக் குடும்பத்தில் பிறந்த கொலோவாச் சிலந்திக்கோ ஒரு கண் கூடக் கிடையாது! 1973-ல் விஞ்ஞானிகள் இதற்கு 'அடிலோகோசா அனாப்ஸ்' என்று பெயர் சூட்டினார்கள். 'அனாப்ஸ்' என்றால் கண்ணற்றது. இந்தப் பேரினத்தில் இது ஒன்றுதான். அண்ணன் தம்பி யாருமில்லை. தாடைகளின் அடியில் மும்மூன்று பெரிய பற்கள் இருப்பது இன்னோர் அடையாளம். மனிதர்களை ஒன்றும் செய்யாது, பயப்படாதீர்கள்.

அழுகிய வேர்களைத் தின்று வாழும் கூனிறால் போன்ற ஒரு சிறு பிராணியும் இந்தக் குகைகளில் உண்டு; அதற்கும் கண் இல்லை. குருடைக் குருடி வேட்டையாடுகிறாள்! தொட்டும் மோப்பம் பிடித்துமே காரியம் நடக்கிறது.

வெளியே வாழும் உறவுக்காரச் சிலந்திகள் நூற்றுக்கணக்கில் முட்டையிடும்போது, இது இடுவது முப்பதுக்குள்தான். அந்த முட்டைப் பையையும் தாய் வாயில் கவ்விக்கொண்டே திரிகிறாள். பொரிந்த குஞ்சுகளுக்கு அவள் முதுகுதான் தொட்டில்.

மேலே மரத்தை வெட்டினால் கீழே வேர் இல்லை. வேர் இல்லையேல் இரை இல்லை. கொலோவாவிலோ வீடுகளும் ஹோட்டல்களும் கோல்ஃப் மைதானங்களும் வந்துவிட்டன. பூச்சிமருந்தும் மண்ணில் இறங்குகிறது. 2000-ம் ஆண்டில் அமெரிக்க அரசு இதை அழியும் தறுவாயிலுள்ள பிராணிகளின் பட்டியலில் சேர்த்தது. சில குகைகளின் வாயிலை அடைத்து, மேலே செடிகள் நட்டிருக்கிறார்கள்.

நீங்கள் அங்கே போனால் குகை வாயிலில் நின்று சிகரெட் மட்டும் பற்றவைக்காதீர்கள். அந்தப் புகை கூட இவளுக்கு விஷம்.