உளி படாத கல்

மரக்காணத்திற்கு யாம் சென்றது ஒரு சித்திரைத் திங்களில். அவ்வூர்ப் பூமீசுவரர் கோயிலின் சோழர் கல்வெட்டுக்களைக் காண்பதே எம் கருத்து. உப்பளங்கள் எமக்கு வழியிடை வேடிக்கையாகவே தோன்றின.

பாத்தியோரத்தே ஒரு முதியவர் எம் கையில் ஓர் உப்புக்கல்லை வைத்தார். நெல்லிக்காயளவே இருக்கும். சதுரமாய், நடுவே குழிந்து, நாற்புறமும் படிப்படியாய் இறங்கி, கோயில் திருக்குளத்தைச் சிறுக்கி வைத்தாற்போன்றிருந்தது.

"பெரியவரே, எந்த அச்சில் இதனை வார்த்தீர்?" என்றோம்.

"அச்சு ஏது ஐயா? கலக்காமல் விட்டோம், தானே ஆயிற்று."

காசு பெறுதற்குச் சொல்லும் கதையென்றெண்ணி, அவர் கேளாத காசை நீட்டினோம். அவர் முகம் வாடிற்று. காசைத் தொடாமல், "வெயில் ஏறும்வரை இருந்து பாருங்கள்" என்று மட்டும் சொன்னார்.

இருந்தோம். கடல்நீர் சுண்டிச் சுண்டி ஏறக்குறையப் பத்திலொரு பங்கான பின்னரே உப்புப் பிறக்கும். காற்றடங்கிய நண்பகலில், அந்நீர்மேல் கடுகளவினதாய் ஒரு சதுரம் மிதந்தது. தன் பாரத்தால் அது சற்றே அமிழ, நீர்மட்டத்து விளிம்பைச் சுற்றிப் புதிய உப்பு ஒட்டிற்று; மேலும் அமிழ்ந்தது, மேலும் ஒட்டிற்று. படிகள் இவ்வாறே எழுகின்றன. சோடியமும் குளோரினும் ஒன்றுவிட்டொன்றாய் நேர்கோணத்தில் அடுங்கி நிற்றலின் உப்புக்குச் சதுரமே இயல்பு. இதனை வகுப்பிற் பன்முறை சொல்லியவர் யாமே. கையில் வந்தபோது நம்பாதவரும் யாமே! பொறுத்தருள வேண்டித் திரும்பினோம். அவர் பலகையோடு அடுத்த பாத்திக்குப் போய்விட்டிருந்தார்.

அந்நாணத்தோடு மறுநாள் கடற்கரைச் சாலை வழியே வடக்கே மாமல்லபுரம் சேர்ந்தோம். அங்கும் எமக்கு ஒரு கடன் இருந்தது. முந்தைய ஆண்டில் மாணவர் சிலருக்குக் 'கிருஷ்ணனின் வெண்ணெயுருண்டை' எனப்படும் பாறையைக் காட்டி, "இத்துணைத் திரட்சி உளியாலன்றி வாராது, பல்லவர் கைத்திறனே" என்று அடித்துச் சொல்லியிருந்தோம்.

ஏறக்குறைய 20 அடி உயரமும் 250 டன் எடையும் உடையதென்பர் அதனை. 1908இல் சென்னைக் கவர்னர் ஆர்தர் லாலி ஏழு யானைகளைக் கொண்டு இழுப்பித்தும் சரிவை விட்டு அது அசையவில்லையென்று ஒரு செய்தி வழங்குகின்றது. இம்முறை யாம் வியந்து நிற்கவில்லை, உளித்தடம் தேடினோம். அவ்வூரில் அரைகுறையாய் விடப்பட்ட பாறைகளிற் கல் பிளக்க இட்ட ஆப்புக்குழிகள் வரிசையாய்க் காணப்படும். உருண்டையிலோ அத்தகைய குறி ஒன்றும் எம் கண்ணிற் படவில்லை. பின்புறம் ஒரு பகுதி பெயர்ந்து தட்டையாய்க் கிடந்தது. எந்தச் சிற்பி அவ்வாறு விடுவான்?

கருங்கற்பாறையிற் குறுக்கும் நெடுக்குமாய் வெடிப்புக்கள் ஓடி, முதலில் அதனைச் சதுரத் துண்டங்களாக்குகின்றன. நீர் அவ்வெடிப்புக்களிற் புகுந்து அரிக்கின்றது. துண்டத்தின் முகத்தை ஒருபுறமும், விளிம்பை இருபுறமும், மூலையை மூன்றுபுறமும் தாக்குதலின் மூலையே முந்தித் தேயும். நெடுங்காலத்தில் உருண்டை எஞ்சும். செஞ்சி மலைகளில் அடுக்கி வைத்தாற்போற் கிடக்கும் பாறைகளும் இவ்வாறு வந்தவையே.

அம்மாணவர்க்கு எம் பிழையை ஒப்பிக் கடிதம் எழுதினோம். உப்புக்கல்லைக் காகிதத்திற் பொதிந்து மேசையறையில் வைத்திருந்தோம். ஐப்பசி மழையில் ஒருநாள் எடுத்துப் பார்க்கையிற் காகிதம் ஈரித்திருந்தது. படிகள் மறைந்து, மூலைகள் கரைந்து, அச்சதுரம் உருண்டையாகிக் கொண்டிருந்தது.