திருட்டுப் பிள்ளையார்

பிள்ளையாரைத் திருடிக்கொண்டு வந்து வைத்தால் விசேஷம் என்று நம் பக்கத்தில் ஒரு நம்பிக்கை உண்டு. காசு கொடுத்து வாங்கிய பிள்ளையாரைவிடத் திருட்டுப் பிள்ளையாருக்கே சக்தி அதிகமாம். நானும் ஒரு பிள்ளையாரைத் திருடியவன்தான். ஆனால் எந்த மரத்தடியிலும் கொண்டுபோய் வைக்கவில்லை. மூன்று கோலிக்கும் ஒரு பம்பரத்துக்கும் கை மாற்றிவிட்டேன். அப்போது எனக்கு வயது பத்து.

என் அத்தையை நாமக்கல்லுக்கும் ராசிபுரத்துக்கும் நடுவே ஒரு கிராமத்தில் கொடுத்திருந்தது. அந்தக் காலத்தில் அதுவும் சேலம் ஜில்லாதான். நாமக்கல் தனி மாவட்டமானது 1997-இல். முழுப் பரீட்சை முடிந்ததும் சேலத்திலிருந்து என்னைப் பஸ் ஏற்றி விடுவார்கள். கடலைக்காடு, சோளக்காடு, ஏற்றக் கிணறு, கிழக்கே நீலப் புகையாகக் கொல்லிமலை. ஊருக்கு வெளியே ஓர் அரசும் வேம்பும் பின்னிக்கொண்டு நிற்கும். அடியில் இரண்டு நாகர் கல். அவற்றின் முன்னால் வரிசையாக ஏழு கறுப்புக் கற்கள். கோபுரமும் இல்லை, தும்பிக்கையும் இல்லை. ஆனாலும் ஊரார் அவற்றைப் பிள்ளையார் என்றே சொன்னார்கள். அத்தை செவ்வாயும் வெள்ளியும் ஒரு குடம் தண்ணீர் ஊற்றி, எண்ணெய் தடவி, ஒரு செம்பருத்தியை வைத்துவிட்டு வருவாள்.

அவை ஆற்றுக் கூழாங்கல் அல்ல. கைக்கு அடக்கமான கல். ஒரு முனை கூம்பியிருக்கும், மறுமுனை அகன்று கத்திவாய் போல் மெலிந்திருக்கும். தடவினால் விரல் வழுக்கும். இப்படி ஒரு வஸ்து டவுசர் பையில் இருந்தால் பள்ளிக்கூடத்தில் என் மதிப்பு எவ்வளவு உயரும் என்ற ஒரே எண்ணந்தான் எனக்கு. ஊருக்குத் திரும்புவதற்கு முதல்நாள் மத்தியானம் ஓரத்துக் கல்லை எடுத்துவிட்டேன்.

அன்று சாயங்காலம் அத்தை கேட்டாள்: "ஒரு சாமியக் காணமே, கண்ணு. நீ பாத்தியா?"

"இல்லை, அத்தை."

"எங்க போயிரும்? அதுக்குக் காலா இருக்குது? மழைத் தண்ணி இழுத்துக்கிட்டுப் போயிருக்கும்."

நாலு மாதமாக அந்தப் பக்கம் ஒரு பொட்டு மழை இல்லை. அத்தை அதற்குமேல் ஒரு வார்த்தை கேட்கவில்லை. மறுநாள் எனக்கு வழக்கம்போலக் கச்சாயம் சுட்டுக் கட்டிக் கொடுத்தாள்.

முப்பது வருஷம் கழித்து ஒருநாள் சென்னை எழும்பூர் மியூசியத்தில், வெயிலுக்கு ஒதுங்கப் போன இடத்தில், கண்ணாடிப் பெட்டிக்குள் அந்தக் கல்லைப் பார்த்தேன். அதே கல்லாக இருக்க நியாயமில்லை. ஆனால் அதன் உடன்பிறப்பு. புதிய கற்காலத்துக் கோடரி என்று எழுதியிருந்தது. உலோகம் என்பதையே அறியாத மனிதர்கள் செய்த ஆயுதம். ஒரு கல்லால் இன்னொரு கல்லைச் சில்லுச் சில்லாகப் பெயர்த்து, பிறகு பொத்திப் பொத்தி உருவாக்கி, கடைசியில் பாறைமேல் மணலும் தண்ணீரும் விட்டுத் தேய்த்துத் தேய்த்துக் கூர் ஏற்றியிருக்கிறார்கள். வழுவழுப்பு ஆற்றின் வேலையல்ல, யாரோ ஒருவருடைய கையின் வேலை. சுமார் நாலாயிரம் வருஷத்துக்கு முந்திய கை. மரப்பிடி மக்கிவிட்டது, கல் மட்டும் பிள்ளையாராகிவிட்டது.

அன்றிலிருந்து இந்த விஷயத்தில் எனக்கு ஒரு பித்து. அதில்தான் ராபர்ட் புரூஸ் ஃபூட் என்ற வெள்ளைக்காரரின் அறிமுகம் கிடைத்தது. 1858-இல் இந்தியப் புவியியல் ஆய்வுத் துறையில் சேர்ந்தவர். சர்க்கார் அவரைப் பாறைகளைப் பார்க்க அனுப்பியது. அவரோ பாறைகளோடு மனிதனையும் பார்த்தார். 1863 மே 30-ஆம் தேதி பல்லாவரத்தில் அவர் குனிந்து எடுத்த ஒரு கல், இந்தியாவில் மனிதனுடைய வயதைச் சட்டென்று கூட்டிவிட்டது. அது தேய்க்காத, செதுக்கல் மட்டுமே உள்ள, நம் பிள்ளையாரைவிட வெகு பழைய கல். சேலம் ஜில்லாவையும் அவர் அலசியிருக்கிறார். பிள்ளையார் என்று பூஜையில் இருந்த கோடரிகளைச் சேர்வராயன் மலையில் அவரும் கண்டிருக்கிறார். ஆயுள் முழுதும் சேர்த்ததை 1904-இல் சென்னை சர்க்கார் நாற்பதாயிரம் ரூபாய்க்கு வாங்கி மியூசியத்தில் வைத்தது.

இன்னொரு செய்தி கேளுங்கள். இந்த ஃபூட், பெர்சிவல் பாதிரியாரின் மாப்பிள்ளை! யாழ்ப்பாணத்தில் ஆறுமுக நாவலரை உடன் வைத்துக்கொண்டு பைபிளைத் தமிழாக்கினாரே, நம் பழமொழிகளைத் தொகுத்தாரே, அவர்தான். மாமனார் நம் பேச்சைப் பொறுக்கினார், மருமகன் நம் கல்லைப் பொறுக்கினார். ஃபூட் கடைசிக் காலத்தில் ஏற்காட்டில் குடியிருந்தார். 1912-இல் கல்கத்தாவில் காலமானார். அஸ்தியை ஏற்காட்டுக்கே கொண்டுவந்து அடக்கம் செய்தார்கள். போய்ப் பார்த்தேன். வந்திருந்த மற்றவர்கள் எல்லாரும் ஏரியில் படகு விட்டுக்கொண்டிருந்தார்கள். அவர்களைக் குற்றம் சொல்வானேன்? எனக்கும் ஐம்பது வயதுவரை அவர் பெயர் தெரியாது.

தொல்பொருள் ஆராய்ச்சியில் இருக்கும் நண்பர் ஒருவரிடம் என் திருட்டைச் சொன்னேன். சிரிப்பார் என்று நினைத்தேன். அவர் சிரிக்கவில்லை. "கல் போனால் போகிறது, சார். இடம் போய்விட்டதே" என்றார். எந்த மண்ணில், எத்தனை ஆழத்தில், எந்த ஓட்டுக்குப் பக்கத்தில் கிடந்தது என்பதுதான் ஒரு பொருளின் பேச்சு. பிடுங்கி எடுத்துவிட்டால் அது ஊமை. மரத்தடிக்கு வருமுன்பே ஏதோ ஓர் உழவன் அதை இடம் பெயர்த்திருப்பான். ஆனாலும் 'இந்த ஊர்க் காட்டுக் கல்' என்ற ஒரு வார்த்தையாவது அதற்கு மிச்சமிருந்தது. அதையும் நான் கோலிக்கு விற்றுவிட்டேன்.

அது இருந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்றும் யோசித்துப் பார்க்கிறேன். மேட்டூர்ப் பக்கம் மாங்காட்டில் கிடைத்த இரும்பு கி.மு. 1500-ஐ ஒட்டியது என்று கணக்கிட்டிருக்கிறார்கள். பழைய சேலம் ஜில்லாவில் இருந்து இப்போது கிருஷ்ணகிரியில் இருக்கும் மயிலாடும்பாறை இரும்பு கி.மு. 2172 என்று 2022-இல் அறிவித்தார்கள். 2025-இல் சிவகளை அதையும் தாண்டிவிட்டது, கி.மு. 3345 என்று. இந்த எண்கள் இன்னும் பல சோதனைகளைத் தாங்க வேண்டும். நாம் அதற்குள் பட்டாசு வெடிக்க வேண்டியதில்லை என்பது என் அபிப்பிராயம். ஆனால் ஒரு கேள்வி என்னை விடவில்லை. சேலத்துக்குப் பக்கத்திலேயே கஞ்சமலை இரும்புக் கல்லாகக் குவிந்து கிடக்கிறது. அமாவாசைக்குச் சித்தர் கோயிலுக்குப் போகிறவர்கள் அதன்மேல்தான் மிதித்து நடக்கிறார்கள். இரும்பு வந்த பிறகும் கல் கோடரியை யாராவது விடாமல் தேய்த்துக்கொண்டிருந்தார்களா? புதுக் கோடரி வாங்க வக்கில்லாதவனா, தாத்தாவின் கோடரியை எறிய மனமில்லாதவனா? இதற்குப் பதில் சொல்லக் கூடியவை, இடம் மாறாத கற்கள்தாம்.

போன தை மாதம் அத்தையின் ஊருக்குப் போனேன். அத்தை இல்லை. அத்தை மகன் இருக்கிறான், எனக்கு மூத்தவன். அரசும் வேம்பும் இருக்கின்றன. சிமெண்டு மேடை கட்டி, தும்பிக்கையோடு ஒரு பிள்ளையாரை மாமல்லபுரத்திலிருந்து வரவழைத்து வைத்திருக்கிறார்கள். பழைய கற்கள் மேடையின் ஓரத்தில், எண்ணினேன், ஐந்து. இன்னொன்றை யார் எடுத்தார்களோ, நான் கேட்கவில்லை.

மியூசியத்துக்குக் கொடுத்துவிடலாமா என்று மெல்ல ஆரம்பித்தேன். அவன் என்னை ஒரு மாதிரி பார்த்தான். "ஏன் மாப்பிள்ளை, எங்கம்மா தண்ணி ஊத்துன சாமியக் கண்ணாடிப் பெட்டியில வெச்சா, அங்க யாரு ஊத்துவாங்க?"

எனக்குப் பதில் வரவில்லை. கடைசியில் ஒரு சமாதானத்துக்கு வந்தோம். கற்கள் அங்கேயே இருக்கட்டும்; ஆனால் கணக்கு எழுதி வைப்பது. அவன் பேரனின் நோட்டை வாங்கி, ஒவ்வொரு கல்லையும் கயிற்றால் அளந்து, காகிதத்தில் வைத்துச் சுற்றிக் கோடு இழுத்தோம். எந்தக் காட்டில் உழும்போது வந்தது என்று அவன் அப்பா சொன்ன ஞாபகத்தையும் எழுதினான். மேற்குக் காடு, பாறைக்குழிக்குப் பக்கத்தில்.

"அவ்வளவுதானே?" என்று நோட்டை மூடப் போனான்.

"இன்னும் ஒன்று இருக்கிறது" என்றேன். வருஷத்தைச் சொன்னேன். கல்லின் நீளத்தை விரலால் காட்டினேன். எடுத்தவன் பெயரையும் சொன்னேன். அவன் நிமிர்ந்து பார்த்தான்.

"அம்மாவுக்கு அப்பவே தெரியும்" என்று சொல்லிவிட்டு எழுத ஆரம்பித்தான். என் இனிஷியலைத் தப்பாகப் போட்டிருந்தான். அடித்துத் திருத்தச் சொன்னேன்.