நாணயம் இடுக

ஜப்பானின் டைட்டோ நிறுவனம் 1978-இல் வெளியிட்ட ‘ஸ்பேஸ் இன்வேடர்ஸ்’ என்னும் விளையாட்டை இன்று கைப்பேசியில் திறந்தால், கரிய திரையில் நாணயம் இடுமாறு ஓர் அழைப்பு ஆங்கிலத்தில் தோன்றுகிறது. கைப்பேசியில் நாணயம் இடத் துளை ஏது? திரையின் ஓரத்தில் சிறு பொத்தான் ஒன்று வரையப்பட்டிருக்கிறது. அதைத் தொட்டதும், காசு விழுந்துவிட்டது என்னும் செய்தி பழைய நிரலுக்குப் போகிறது. காசுக்காகவே காத்திருக்கக் கற்பிக்கப்பட்ட அந்த நிரல் அதை அப்படியே நம்பி, ஆட்டத்தைத் தொடங்கிவிடுகிறது. காசுக்கும் நேர்மைக்கும் நாணயம் என்ற ஒரே சொல்லை வைத்திருக்கும் மொழி நம்முடையது. ஆகவே அந்த அழைப்பைக் காணும்போதெல்லாம் நம் மனம் சற்றே நின்று யோசிக்கிறது.

இவ்விளையாட்டுப் பொறிகளை நேரில் காணாத வாசகர்களுக்காகச் சிறிது விளக்கம் சொல்ல வேண்டும். ஆளுயர மரப்பெட்டி ஒன்று, அதனுள் தொலைக்காட்சிக் குழாய், கீழே கைப்பிடி, அதற்கும் கீழே காசு போடும் துளை. ஜப்பானில் 100 யென், அமெரிக்காவில் 25 சென்ட். ஆர்கேட் எனப்படும் கூடங்களில் இவை வரிசையாக நிற்கும். இளைஞர்கள் ஒரு காசைப் போட்டு, இயன்ற மட்டும் தாக்குப்பிடித்து, தோற்று, அடுத்தவருக்கு இடம் விடுவார்கள். அந்தப் பெட்டிகள் பெரும்பாலும் மறைந்துவிட்டன. ஆட்டங்கள் மட்டும் கைப்பேசிக்குள் வந்து குடியேறியிருக்கின்றன.

வந்த வழி வியப்புக்குரியது. 1980-இல் நாம்கோ நிறுவனத்துக்காகத் தோரு இவாதானி வடிவமைத்த ‘பாக்-மேன்’ ஆட்டம், இஸட்-80 என்னும் சில்லுக்காக எழுதப்பட்டது. நம் கைப்பேசியில் இருக்கும் சில்லுக்கு அந்த மொழி தெரியாது. இடையில் ஒரு துபாசி வேண்டும். அந்தத் துபாசியே எமுலேட்டர். பழைய நிரலின் ஒவ்வொரு கட்டளையையும் வாசித்து, ‘இஸட்-80 ஆக இருந்தால் இந்நேரம் என்ன செய்திருக்கும்?’ என்று பார்த்து, அதையே செய்துகாட்டுகிறது. இத்தாலியரான நிக்கோலா சல்மோரியா 1997 பிப்ரவரியில் வெளியிட்ட ‘மேம்’ என்னும் எமுலேட்டர் இத்துறையில் பெரும்பெயர் பெற்றது. உலகெங்கிலுமிருந்து ஆர்வலர் பலர் சேர்ந்து அதை வளர்த்தனர். ஆண்ட்ராய்டு கைப்பேசிகளில் இத்தகைய நிரல்கள் நெடுநாளாக உண்டு. ஆப்பிள் நிறுவனம் தன் கடையில் இவற்றுக்கு இடமளித்தது 2024 ஏப்ரலில்தான். மூல ஆட்டத்தின் சில்லிலிருந்து எடுக்கப்பட்ட நகலுக்கு ‘ரோம்’ என்று பெயர். (திருத்தந்தையின் நகருக்கும் இதற்கும் யாதொரு தொடர்பும் இல்லை.) பாக்-மேனின் முழு நிரலும் 16 கிலோபைட்டுதான். இன்று கைப்பேசியில் எடுக்கும் ஒரே ஒரு புகைப்படம் அதைவிடப் பன்மடங்கு பெரியது.

இதில் நம்மைக் கவர்வது எமுலேட்டர் காட்டும் பற்றுறுதி. ஸ்பேஸ் இன்வேடர்ஸில் 55 அந்நியர் வரிசை வரிசையாக இறங்கி வருவர். அவர்களைச் சுடச் சுட, எஞ்சியோரின் வேகம் கூடிக்கொண்டே போகும். ஆட்டத்தை உருவாக்கிய தோமோஹிரோ நிஷிகாடோ முதலில் இதைத் திட்டமிட்டுச் செய்யவில்லை. அக்காலத்துச் சில்லு ஒரு நேரத்தில் ஓர் உருவத்தையே நகர்த்த வல்லது. ஆகவே கூட்டம் பெரிதாயிருந்தால் நடை தளரும், சிறிதானால் விரையும். இயந்திரத்தின் இயலாமை விளையாட்டின் உயிராயிற்று. அவரும் அதை அப்படியே விட்டுவிட்டார். அதைப் போல ஆயிரம் மடங்கு விரைவாக ஓடவல்ல கைப்பேசி, அந்த ஆட்டத்தை நடத்தும்போது தன் வேகத்தையெல்லாம் அடக்கிக்கொண்டு, பழைய சில்லின் தள்ளாட்டத்தோடு தானும் தள்ளாட வேண்டியிருக்கிறது. வலியது மெலியதன் அளவுக்குத் தன்னைச் சுருக்கிக்கொள்வது கிறிஸ்தவர்களாகிய நமக்குப் புதிய செய்தியன்று. அதை ஒரு விளையாட்டில் காண்பதுதான் புதிது.

பிழைகளுக்கும் இதே மதிப்புத் தரப்படுகிறது. பாக்-மேனைத் துரத்தும் பேய்கள் நான்கு; அவை நான்கும் ஒரே மாதிரி துரத்துவதில்லை. சிவப்பு நேராக அவன் இருக்குமிடம் தேடி வரும். இளஞ்சிவப்பு அவனுக்கு நான்கு கட்டம் முன்னே குறிவைத்து வழிமறிக்கும். ஆரஞ்சு நிறத்தது தொலைவில் இருக்கும்போது பாய்ந்து வந்து, எட்டுக் கட்ட தூரத்துக்குள் நெருங்கியதும் தன் மூலைக்குத் திரும்பும். (இத்தகைய மனிதர் ஒருவரையேனும் அறியாதவர் நம்மில் யார்?) இதில் ஒரு கணக்குப் பிழை உண்டு. பாக்-மேன் மேல்நோக்கிப் போகும்போது, இளஞ்சிவப்புப் பேயின் குறி நான்கு கட்டம் மேலே போவதோடு நான்கு கட்டம் இடப்புறமும் விலகிவிடும். நிரல் எழுதியவர் அறியாமல் விட்ட தவறு அது. நல்ல எமுலேட்டர் அதைத் திருத்துவதில்லை. அந்தத் தவறை நம்பியே தப்பும் வழிகளை வகுத்த பழைய ஆட்டக்காரர்கள், இன்று கைப்பேசியிலும் அதே வழியில் தப்பலாம்.

கண்ணாடித் திரையைப் பற்றி நீளப் பேச ஒன்றுமில்லை. இவ்வாட்டங்கள் பல, உயரம் மிகுந்த திரைக்காக அமைந்தவை. ஆகவே நிமிர்த்திப் பிடித்த கைப்பேசிக்கு அளவெடுத்துத் தைத்த சட்டைபோலப் பொருந்துகின்றன. ஆனால் கைப்பிடியின் விளிம்பை விரல் உணர்வதுபோலக் கண்ணாடியை உணர இயலாது. மூலையில் திரும்பும் அவசரத்தில் விரல் எங்கோ போய்விடுகிறது. பழகிக்கொள்ளலாம், அல்லது சிறு கைப்பிடி ஒன்றை வாங்கி இணைத்துக்கொள்ளலாம்.

காசின் கேள்விக்கு வருவோம். எமுலேட்டர் எழுதுவது சட்டத்துக்கு ஒவ்வாததன்று. ஒரு நிறுவனத்தின் விளையாட்டுக் கருவியை ஆராய்ந்து அதற்கு எமுலேட்டர் செய்யலாம் என்று அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒன்று 2000-இல் தீர்ப்பளித்தது. ஆட்டத்தின் நகலோ வேறு கதை. அது உரிமையாளருக்குச் சொந்தம். அமெரிக்கச் சட்டப்படி, ஒரு நிறுவனம் 1980-இல் வெளியிட்ட ஆட்டத்தின் உரிமை 95 ஆண்டுகள், அதாவது 2075 முடியும் வரை நீடிக்கும். ஆயினும் இணையத்தில் ஆயிரக்கணக்கான ரோம்கள் கேட்பாரின்றிக் கிடக்கின்றன. தம் பிள்ளைகளுக்கு ஏழாம் கட்டளையைச் சொல்லிக்கொடுக்கும் பெற்றோர், இரவில் தம் கைப்பேசியில் அவற்றை இறக்கிக்கொள்வது முறையா?

கத்தோலிக்கத் திருச்சபையின் மறைக்கல்வி நூல், 2408-ஆம் எண்ணில் களவுக்கு வரையறை தரும்போது, உரிமையாளரின் நியாயமான விருப்பத்திற்கு மாறாக அவரது பொருளைக் கைக்கொள்வதே களவு என்கிறது. ‘நியாயமான’ என்ற அந்த ஒரு சொல்லில் எவ்வளவோ அடங்கியிருக்கிறது. ஜப்பானின் ஹாம்ஸ்டர் நிறுவனம் 2014 முதல் பழைய ஆர்கேட் ஆட்டங்களை, உரிமையாளரின் இசைவோடு, ஒவ்வொன்றாக விற்று வருகிறது. ‘ராபி ரோட்டோ’, ‘கிரிட்லி’ போன்ற சிலவற்றை, வணிக நோக்கமின்றி யாரும் ஆடலாம் என்று உரிமையாளர்களே விட்டுக்கொடுத்திருக்கிறார்கள். விலைக்குக் கிடைப்பதை விலை கொடாமல் எடுப்பது களவே. பொருள் கையால் தொட முடியாததாயிருப்பதால் பாவம் மெலிந்துவிடாது. நகல்களை மூட்டையாகக் கட்டி விற்போரைப் பற்றிச் சொல்லவே வேண்டாம்.

ஆனால் யாருமே விற்காத ஆட்டம்? அமெரிக்காவில் வெளியான பழைய வீடியோ விளையாட்டுகளில் 87 விழுக்காடு இன்று முறையான வழியில் கிடைப்பதில்லை என்று, 2023-இல் வீடியோ விளையாட்டு வரலாற்று அறநிலையம் ஒன்று வெளியிட்ட ஆய்வு கூறுகிறது. இன்னும் கொடிய நிலையும் உண்டு. காப்காம் நிறுவனம் 1993 முதல் வெளியிட்ட ஒருவகைச் சுற்றுப்பலகைகளில், ஆட்டத்தைத் திறக்கும் இரகசியச் சாவி சிறு மின்கலம் ஒன்றின் தயவில் இருந்தது. மின்கலம் தீர்ந்தால் சாவி அழியும், பலகை செத்துப்போகும். நகலெடுப்போரைத் தடுக்கச் செய்த ஏற்பாடு, காசு கொடுத்து வாங்கியவரின் பொருளையே கொன்றது. 2007-இல் அப்பூட்டின் கணிதத்தை ஆர்வலர் சிலர் விடுவித்தனர், ஆட்டங்கள் பிழைத்தன. மனிதர் செய்த ஒரு கைவேலை அடியோடு அழிய வேண்டும் என்பதை நியாயமான விருப்பம் என்று நம்மால் ஒப்ப முடியவில்லை. அதைக் காப்போர் நற்பணி செய்கிறார்கள் என்பதே நம் எண்ணம். ஆனால் காப்போரின் நியாயத்தை, பொழுதுபோக்குக்காக நூற்றுக்கணக்கில் அள்ளிக்கொள்வோர் போர்வையாகப் போர்த்திக்கொள்வது வேறு செயல். இரண்டையும் ஒரே தட்டில் வைக்க நாம் உடன்படோம்.

முறையாக வாங்கியே ஆடுகிறோம் என்று கொள்வோம். அப்போதும் அந்தப் பொய்க் காசு கையில் இருக்கிறது. பின்னாளில் வந்த பல ஆட்டங்களில், தோற்ற இடத்திலிருந்தே தொடர மற்றொரு காசு போட்டால் போதும். அன்று சட்டைப்பை வெறுமையானதும் ஆட்டம் தானே நின்றது. இன்று பொத்தானைத் தட்டிக்கொண்டே இருந்தால் எவரும் எந்த ஆட்டத்தையும் முடித்துவிடலாம். அப்படி முடித்தவருக்கு அதில் ஒரு சுவையும் இருப்பதில்லை. ஆகவே தேர்ந்த ஆட்டக்காரர்கள், ஒரே காசில் முடித்தால்தான் முடித்ததாகக் கணக்கு என்று தமக்குத் தாமே விதி வகுத்துக்கொண்டார்கள். கண்காணிக்க எவருமில்லை, துளையுமில்லை, காசுமில்லை. பெட்டியின் அடியில் இருந்த நாணயம் ஆடுபவரின் உள்ளத்துக்கு இடம் மாறிவிட்டது.

இதனினும் பெரிய வசதி ஒன்று எமுலேட்டரில் உண்டு. ஆட்டத்தின் எந்தக் கணத்திலும் நினைவகம் முழுவதையும் அப்படியே உறையவைத்துச் சேமிக்கலாம். பேய் பிடித்துவிட்டதா? சேமித்த கணத்துக்குத் திரும்பலாம். பிடிபட்டதே நடவாததாகிவிடும். பாக்-மேனுக்கு முன்பு மூன்று உயிர்தான், இப்போது முடிவில்லை.

இதைக் கண்ட இளைஞர் ஒருவர், ‘ஒப்புரவு அருளடையாளமும் இப்படித்தானே, பழைய இடத்துக்குத் திரும்புவது?’ என்று நம்மிடம் கேட்டார். நல்ல கேள்வி, பல நாள் நம்மை விட்டு அகலவில்லை. இராயப்பரை எண்ணிப் பார்த்தோம். தலைமைக் குருவின் முற்றத்தில், கரிநெருப்பின் அருகே, அவர் மும்முறை ஆண்டவரை மறுதலித்தார். உயிர்த்த ஆண்டவர் அந்த இரவைத் துடைத்தெறிந்து, சேவல் கூவுமுன் இருந்த கணத்துக்கு அவரைத் திருப்பிவைக்கவில்லை. யோவான் நற்செய்தியின் இறுதி அதிகாரத்தில், திபேரியாக் கடற்கரையில் மீண்டும் ஒரு கரிநெருப்பு எரிகிறது. அதன் அருகே, தம்மை அன்பு செய்கிறாயா என்று அவர் மும்முறை கேட்கிறார். மூன்றாம் முறை கேட்டபோது இராயப்பர் மனம் வருந்தினார். மறுதலித்த நாவே அன்பைச் சொல்ல வேண்டியிருந்தது. நடந்தது நடந்ததாகவே நின்றது. மந்தையை மேய்க்கும் பணி அந்த மனிதரிடமே ஒப்படைக்கப்பட்டது. தோமையாருக்குக் காட்டப்பட்ட திருக்காயங்களும் ஆறி மறைந்தவையல்ல. இவ்வாறு அந்த இளைஞரிடம் சொன்னோம். அவர் சற்று நேரம் பேசாதிருந்து, பிறகு தம் கைப்பேசியை வாங்கிக்கொண்டு போனார்.

விளையாட்டை வெறுப்பதற்காக இவற்றை எழுதவில்லை. 2025 செப்டம்பர் 7-ஆம் நாள் திருத்தந்தை பதினான்காம் லியோ புனிதர் நிலைக்கு உயர்த்திய கார்லோ அக்குத்திஸ், 1991-இல் பிறந்து 2006-இல் இறைவனடி சேர்ந்த இளைஞர்; வீடியோ விளையாட்டை விரும்பியவர். வாரத்துக்கு ஒரு மணி நேரம் என்று அவரே தமக்கு எல்லை வகுத்துக்கொண்டார் என்று அவரது வரலாறு கூறுவோர் குறிப்பிடுகின்றனர். அந்த ஒரு மணி நேரத்தில் அவர் மகிழ்ந்தே ஆடியிருப்பார் என்று நம்புகிறோம்.

பாக்-மேனுக்கும் ஓர் எல்லை உண்டு. அதை எவரும் திட்டமிட்டு வைக்கவில்லை. எத்தனையாவது கட்டம் என்பதை எண்ணும் இடம் எட்டு பிட் அளவே ஆனதால், 255-க்கு மேல் அதற்கு எண்ணத் தெரியாது. 256-ஆம் கட்டத்தில் திரையின் வலப்பாதி எழுத்தும் கோடுமாகச் சிதறிவிடுகிறது. கட்டத்தைக் கடக்க 244 புள்ளிகளைத் தின்ன வேண்டும். அங்கே அத்தனை புள்ளிகள் இல்லை. உயிர் ஒன்றும் இழவாமல், கிடைப்பதையெல்லாம் உண்டு அவ்விடம் சேர்ந்தவர் பெறக்கூடிய உச்ச மதிப்பெண் 33,33,360. எமுலேட்டர் செய்தவர்கள் இதையும் திருத்தாமல் விட்டிருக்கிறார்கள். சேமித்த கணங்களைக் கொண்டு எவ்வளவு முறை பின்னே போய் வந்தாலும், கைப்பேசித் திரையில் அதே வலப்பாதி அதே விதமாய்ச் சிதறுகிறது.