விற்பவர் கைத் தராசு

சந்தையில் மரக்கறி வாங்கும் ஏழைப் பெண்ணும் தராசின் முள்ளைப் பாராமற் காசை நீட்டுவதில்லை. நிறை குறைந்தால் வாதிடுகிறாள். வாதம் பலிக்காவிடின் அடுத்த கடைக்குப் போகிறாள். நடுவுநிலைமைக்கு உவமை தேடிய வள்ளுவரும் துலாக்கோலையே கண்டார். ஆயின், அப்பெண்ணின் வீட்டுச் சுவரில் இருக்கும் மின்மானியும் ஒரு தராசே என்பதை நம் சமுதாயம் இன்னும் உணரவில்லை. அத்தராசு விற்பவருடையது, கணக்கேடும் அவருடையது, காசு வராவிடின் இணைப்பைத் துண்டிக்கும் அதிகாரமும் அவருடையது. அடுத்த கடை என்று ஒன்று கிடையாது.

இலங்கையில் மின்கட்டணம் 2022 ஓகஸ்டில் சராசரியாக 75 சதவீதமும், 2023 பெப்ரவரியில் மேலும் 66 சதவீதமும் உயர்த்தப்பட்டது. அந்நாட்களில் எத்துணை பெரிய தொகைக்குப் பட்டியல் வந்தாலும், 'விலையேற்றம்' என்ற ஒரு சொல்லிலேயே மக்கள் அதற்குக் காரணங் கண்டனர். பழுதடைந்த மானிக்கு இதனினும் நல்ல மறைவிடம் எது? ஏறியது விலையா, அலகா என்று பிரித்துப் பார்க்க எவருக்கும் தோன்றவில்லை.

எங்கள் ஒழுங்கையில் தையல்வேலை செய்து இரு பிள்ளைகளைப் படிப்பிக்கும் அம்மையார் ஒருவர், அவ்வாண்டு ஓகஸ்டில், சிவப்பு அறிவித்தலும் கையுமாக என்னிடம் வந்தார். "மாஸ்ரர், லைற் நாலு, ஃபான் ரெண்டு, ரீவி ஒண்டு, ஸ்திரிப்பெட்டி. மெஷினும் கால்மிதிதான். இவ்வளவு கரண்டை ஆர் குடிக்கினம்?" என்றார். பழைய பட்டியல்கள் யாவற்றையும் ஒரு பிஸ்கற் பேணியில் சேமித்து வைத்திருந்தார். அவற்றை அடுக்கிப் பார்த்தபோது உண்மை புலப்பட்டது. 2022 முடியும்வரை மாதம் 54 அலகை ஒட்டியிருந்த பாவனை, ஜனவரி தொடக்கம் 80 அலகைத் தாண்டியிருந்தது.

இருபத்தேழு அலகுதானே என்று சிலர் எண்ணக்கூடும். நமது வீட்டுக் கட்டணமுறையில் மாதப் பாவனை 60 அலகைக் கடந்ததும், முதல் அலகு தொட்டே வேறொரு விலை விதிக்கப்படுகிறது. நிலையான கட்டணமும் உயர்கிறது. ஆகவே மானி சற்றே பொய் சொன்னாலும், குறைந்த பாவனையாளருக்குரிய சலுகை முழுவதையும் அவ்வேழை இழந்துவிடுகிறார்.

தமிழ் படித்த எனக்கு மானியின் நுட்பத்தை விளக்கியவர் எமது பாடசாலை விஞ்ஞான ஆசிரியர். பழைய மானியினுள் ஓர் அலுமினியத் தட்டு சுழல்கிறது. மின்சாரம் அதனை உந்த, நிலைக்காந்தம் ஒன்று அதன் வேகத்தைக் கட்டுப்படுத்துகிறது. காந்தம் வலுக் குன்றினால் தட்டு விரைந்தோடும். அம்மையாரின் மானியில் ஓர் அலகுக்கு 600 சுற்று என்று பொறிக்கப்பட்டிருந்தது. முதலில் வீட்டிலுள்ள கருவிகள் அனைத்தையும் நிறுத்தினோம். தட்டு அசையவில்லை, எனவே வயரில் ஒழுக்கு இல்லை. பின்னர் 100 உவாற்று இழைக்குமிழ் ஒன்றை மாத்திரம் எரியவிட்டோம். அது ஒரு மணித்தியாலத்தில் அலகிற் பத்திலொன்றை, அதாவது 60 சுற்றைக் கொள்ளவேண்டும்: நிமிடத்துக்கு ஒரு சுற்று. பத்துச் சுற்றுக்குப் பத்து நிமிடம் செல்லவேண்டிய இடத்தில் ஆறு நிமிடமும் நாற்பது செக்கனுமே சென்றன. மின்னழுத்தம் ஏறி இறங்குவதால் சிறு வேறுபாடு வரலாம்; இத்துணை வேறுபாடு வராது. தட்டு ஒன்றரை மடங்கு வேகத்தில் ஓடியது. 54 அலகு 81 ஆன கணக்கும் இதுவே.

கந்தோரில், "முதலிற் காசைக் கட்டுங்கள், பிறகு முறையிடுங்கள்" என்றார்கள். சோதனைக் கணக்கையும் பட்டியற் பிரதிகளையும் இணைத்துப் பதிவுத் தபாலில் மனு அனுப்பினோம். இரண்டாம் மனுவில், 2002ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டத்தால் அமைந்த பொதுப் பயன்பாடுகள் ஆணைக்குழுவிடம் பிணக்கைக் கொண்டுசெல்வோம் என்றும் குறித்தோம். அதன்பின்னரே பழைய மானியோடு ஒரு சோதனை மானியை இணைத்துச் சில நாட்கள் ஒப்பிட்டார்கள். குற்றம் உறுதியாயிற்று, புது மானி வந்தது. ஒரு மாதத்துக்கே கழிவு தரலாம் என்றவர்கள், பிஸ்கற் பேணிப் பட்டியல்களைக் கண்டபின் ஏழு மாதத்துக்கும் கழிவு தர உடன்பட்டார்கள்.

இவ்வெற்றியில் மகிழ்ச்சியைவிடக் கவலையே எனக்கு மிகுதி. 1990இல் வடபுலத்து மின்சாரம் அற்றுப்போய், ஆண்டுக்கணக்காகப் போத்தல் விளக்கில் வாழ்ந்த தலைமுறையினர் நம்மிடையே உளர். வெளிச்சம் வந்ததே பெரும்பேறு என்று எண்ணும் அவர்கள் அதன் கணக்கைக் கேட்கக் கூசுகிறார்கள். அக்கூச்சத்தை அதிகாரம் நன்கறியும். விலை கொடுத்து வாங்கும் பண்டத்துக்கு நன்றிக்கடன் எதற்கு?

அளவு சரியென நிறுவும் கடமை அளப்பவரைச் சேரவேண்டும். மானியைச் சோதிப்பவர் விற்பவரின் ஊழியராக இருத்தல் ஆகாது. பிணக்குத் தீருமட்டும் துண்டிப்பு நிறுத்தப்படவேண்டும். பாடசாலைக் கணித வகுப்பில் இலாப நட்டக் கணக்கோடு மின்பட்டியலையும் வாசிக்கப் பழக்கவேண்டும். மனு எழுதித்தர ஒரு வாத்தியார் அயலில் இருந்தால் மாத்திரம் கிடைப்பதற்கு நீதி என்று பெயரில்லை, அது அதிர்ஷ்டம்.